முட்டை போடாத கேக்கு

இதை எழுதலாமா வேண்டாமா என்று நான் தள்ளிப் போட்டு வந்தது ஒரு வருசம் ரெண்டு வருசம் அல்ல. பேனாவை எடுப்பேன். செத்தவர்களைப் பற்றிக் குறை பேசினால் நாக்கு அழுகும் என்று எங்கள் பக்கத்தில் சொல்லுவார்களே, அது ஞாபகம் வந்துவிடும். மூடி வைத்துவிடுவேன். சாயங்காலம் விளக்கேற்றும்போது துரோபதை அம்மன் படத்தைப் பார்ப்பேன். அவள் ஒன்றும் சொல்லமாட்டாள். தலைமுடியை விரித்துப் போட்டுக்கொண்டு வருசக் கணக்கில் காத்திருந்தவள் அவள். என் அவசரம் அவளுக்கு எம்மாத்திரம்.

போன மாசம் ஒரு கல்யாண வீட்டில் பந்திக்குக் காத்திருந்தபோது, எனக்குப் பின்னால் உட்கார்ந்திருந்த ஒருத்தி எங்கள் வீட்டுக் கதையை இன்னொருத்திக்குச் சொன்னாள். நான் யார் என்று அவளுக்குத் தெரியாது. முக்கால்வாசி சரியாகச் சொன்னாள். கால்வாசியில் பொய் கலந்திருந்தது. அது என்ன பொய் என்று கடைசியில் சொல்கிறேன். அதைக் கேட்ட பிறகும் எழுதாமல் இருந்தால் நான் என் அம்மா வயிற்றில் பிறந்ததற்கு அர்த்தமில்லை.

என் வயசுக்காரர்களுக்கு நான் அதிகம் விளக்க வேண்டியதில்லை. இட ஒதுக்கீடு கேட்டு ரோட்டில் மரத்தை வெட்டிப் போட்ட வருசங்கள் உங்களுக்கும் ஞாபகம் இருக்கும். மறியல் என்றால் நமக்குப் பள்ளிக்கூடம் கிடையாது என்று குதித்தோமே, அந்த வருசங்கள். கச்சிராயபாளையத்திலிருந்து மலைக்கு ஏறுகிற ரோட்டில்தான் எங்கள் ஊர். பெரிய பெரிய புளியமரங்கள் ரெண்டு பக்கமும் கை கோர்த்துக்கொண்டு நிற்கும். ஒரு ஆடி மாசம் அதில் பாதி குறுக்கே விழுந்து கிடந்தது. இலை வாடின வாசனையும் புளியம்பூ வாசனையும் ஊருக்குள் வந்தது. அந்த வாசனை எனக்கு அப்போது பிடித்திருந்தது.

எங்கள் வீடும் பெரியம்மா வீடும் ஒரே சுவர். பெரியம்மா என்றால் அப்பாவின் அண்ணன் பெண்சாதி. அப்பாவுக்குத் தம்பி ஒருவர், என் சித்தப்பா. கல்யாணமாகாதவர். அவரை வளர்த்ததே நான்தான் என்று பெரியம்மா எப்போதும் சொல்லுவாள். அது உண்மைதான். அவருக்குச் சோறு போடுவதில் அவளுக்கும் எங்கள் அம்மாவுக்கும் ஒரு போட்டி உண்டு. ஓரகத்திகளுக்குள் இருக்கிற போட்டி. அதில் அப்போது சிரிப்பும் இருந்தது.

சித்தப்பா மறியல் ஆட்களில் முன்னால் நிற்பவர். நோட்டீசு ஒட்டுவதற்குப் பசை காய்ச்ச ஒரு மூட்டை மைதா வாங்கி எங்கள் வீட்டுப் பரணில் போட்டிருந்தார். அதே ஆடியில் எங்கள் ஊர் துரோபதை அம்மன் கோயிலில் தீமிதி. கோயிலில் கொடியேறி காப்பு கட்டிவிட்டால் அப்புறம் ஊரில் ஒரு வீட்டிலும் கவுச்சி அடுப்பேறாது. குண்டம் இறங்குகிறவர்கள் கையில் மஞ்சள் கயிறு கட்டியிருப்பார்கள். அவர்களுக்கு மீன், கறி, முட்டை எதுவும் ஆகாது. சித்தப்பா அந்த வருசம் காப்பு கட்டியிருந்தார். ஒதுக்கீடு கிடைத்து நம் பிள்ளைகளுக்கு உத்தியோகம் வரவேண்டும் என்று வேண்டுதல்.

இப்போது கேக்குக்கு வருகிறேன்.

எங்கள் வீட்டுப் பின்கட்டில் ஒரு டீச்சரம்மா குடியிருந்தார்கள். மலையில் ஒரு பள்ளிக்கூடத்தில் வேலை. வேதக்காரர்கள். கிறிஸ்துமசுக்கு அவர்கள் மணல் சட்டியில் கேக்கு வேகவைப்பதைப் பார்த்துப் பார்த்து எங்கள் அம்மா கற்றுக்கொண்டாள். அகலமான மண்சட்டி, அதில் சலித்த ஆற்று மணல், அதன்மேல் ஒரு தகர டப்பா. சட்டியை இரும்புத் தட்டால் மூடி அதன்மேல் தணல். கீழேயும் நெருப்பு, மேலேயும் நெருப்பு. டப்பா செங்கல் அச்சு மாதிரி நீளமாக இருக்கும். அதனால் எங்கள் தெருவில் அதற்குப் பெயரே செங்கல் கேக்கு. "இன்னாம்மே, இன்னிக்கு சூளைக்கு நெருப்பு வெச்சிட்டியா?" என்று பெரியப்பா வேலிக்கு அந்தப் பக்கத்திலிருந்து கேட்பார். எல்லாரும் சிரிப்பார்கள்.

தங்கள் தவசு காலத்தில் டீச்சரம்மாவும் முட்டை தொடமாட்டார்கள். அப்போது தயிரும் ஆப்ப சோடாவும் போட்டுச் செய்வார்கள். முட்டைக்குப் பதில் புளிப்பு. அம்மா அந்த வகையைத்தான் பிடித்துக்கொண்டாள். எங்கள் வீட்டு அடுப்பில் வாரத்தில் பாதி நாள் கவுச்சி ஏறாது, இதுதான் நமக்குச் சரி என்பாள்.

மரம் வெட்டிப் போட்டதில் மலையிலிருந்து இறங்கின ஒரு மலைக்காரர் எங்கள் ஊரோடு மாட்டிக்கொண்டார். கழுதை மேல் கூடை கூடையாக ஆரஞ்சு. இடைப்போகத்துப் பழம், பாதி பச்சை, பாதி மஞ்சள், உரித்தால் கண் கூசும் புளிப்பு. கள்ளக்குறிச்சிக்குப் போகவும் வழியில்லை, திரும்பினால் பழம் தாங்காது. எங்கள் வீட்டு வேப்பமரத்தடியில் உட்கார்ந்துகொண்டு சித்தப்பாவைப் பார்த்துச் சொன்னார்:

"ஒங்குளுக்கு எடம் வோணும்னு எங்க எடத்துக்குப் போற வழிய அடச்சிப் போட்டீங்களே சாமி."

அம்மா சிரித்தபடி ஒரு கூடையை எடுத்துக்கொண்டாள். அவருக்குச் சோறு போட்டு, கம்பும் கேழ்வரகும் மடியில் கட்டி அனுப்பினாள்.

மறுநாள் போலீசு வந்தது. ஆண்பிள்ளைகள் எல்லாம் கரும்புக்குள் ஓடினார்கள். அது கட்டை விட்ட கரும்பு. வெட்டின அடிக்கட்டை கத்தி மாதிரி நிற்கும். செருப்பில்லாத காலோடு ஓடினால் என்ன ஆகும் என்று கரும்பு வெட்டினவர்களைக் கேளுங்கள். சித்தப்பா போய்ப் பெரியப்பா கழனியில் இருந்த மோட்டார் கொட்டாயில் ஒளிந்துகொண்டார். அடுப்பு மூட்டினால் புகை காட்டிக் கொடுத்துவிடும். ஆண்கள் போனால் பிடித்துக்கொள்வார்கள். புல் அறுக்கப் போகிற மாதிரி பெண்கள் யாராவது சோறு கொண்டுபோக வேண்டும். அந்த வேலையைப் பெரியம்மா எடுத்துக்கொண்டாள்.

"நான் போறன். நீ கொயந்தைங்கள பாத்துக்க," என்று அம்மாவிடம் சொன்னாள்.

"கட்டுச்சோறு இந்த வெயில்ல ஊசிப் பூடும்க்கா. கெடாத மாரி ஒண்ணு செஞ்சி குடுக்கறன்," என்றாள் அம்மா.

அப்படித்தான் அந்தக் கேக்கு பிறந்தது. காப்பு கட்டினவர் வாய்க்குத் தீட்டில்லாமல், நாலு நாள் கெடாமல் இருக்க வேண்டிய சோறாகத்தான் அம்மா அதைச் செய்தாள். தின்பண்டமாக நினைத்துச் செய்யவில்லை.

நான் பக்கத்தில் குத்த வைத்து உட்கார்ந்து பார்த்தேன். அதனால் இதைச் சத்தியமாகச் சொல்லுவேன். பரணிலிருந்து பசை மைதாவை இறக்கினாள். டப்பா மூடியில் ஆணியால் ஓட்டை போட்டு அதில் ஆரஞ்சுத் தோலைத் தேய்த்தாள். வெள்ளை படக்கூடாது, கசக்கும் என்றாள். தோல் தேயத் தேய வீடு முழுக்க எண்ணெய் வாசனை. என் கண்ணில் ஒரு துளி தெறித்து எரிந்தது. பட்டை, கிராம்பு, ஏலக்காய், சுக்கு, ரெண்டு மலை மிளகு எல்லாம் உரலில் இடித்தாள். வெல்லத்தை வெண்ணெயோடு கையால் தேய்த்துத் தேய்த்து இளக்கினாள். வளையல் ஓசை நிற்கவில்லை. எருமைத் தயிர். ஆரஞ்சுச் சாறு. கடைசியில் சோடா உப்பு. சாறும் சோடாவும் சேர்ந்ததும் மாவு புஸ்ஸென்று மூச்சு விட்டது. "பாத்தியா, உசுரு வந்துடுச்சி," என்றாள்.

எங்கள் வீட்டுக் கோழி அப்போது அடையில் இருந்தது. அதன் வயிற்றுக்கடியில் இருந்த முட்டைகளை யாரும் தொடவில்லை. அதில் பொரித்த குஞ்சுகளோடு நான் விளையாடியிருக்கிறேன்.

வேகிறபோது யாரும் அதிர்ந்து நடக்கக் கூடாது, கேக்கு அமுங்கிவிடும். நான் மூச்சைக் கூட அடக்கிக்கொண்டு இருந்தேன். ஈர்க்குச்சியைக் குத்திப் பார்த்தாள். சுத்தமாக வந்தது. முதல் துண்டை வெட்டி அம்மன் படத்துக்கு முன்னால் வைத்துக் கும்பிட்டுவிட்டுத்தான் மீதியை வெள்ளைத் துணியில் சுற்றிப் பெரியம்மா கையில் கொடுத்தாள். முட்டை போட்டவள் அப்படிச் செய்வாளா? எங்கள் அம்மாவா?

பெரியம்மா புல்லுக்கட்டுக் கூடையில் அதை வைத்தாள். கூடைக்கடியில் ஒரு தூக்குச்சட்டி முன்னமே இருந்தது, துணி போட்டு மூடி. நான் கேட்டேன், "அது இன்னா பெரிம்மா?" "மோருடி," என்றாள். அவள் வரப்பில் நடந்து போகிறபோது எங்கள் தெருப் பூனை அவள் பின்னாலேயே கத்திக்கொண்டு போனது. கல்லெடுத்து எறிந்தாள். அது போகவில்லை. பூனைக்கு மோர் மேல் இவ்வளவு ஆசையா என்று எனக்குச் சிரிப்பு வந்தது. அந்தச் சிரிப்பை நினைத்தால் இப்போது பல்லைக் கடிக்கத் தோன்றுகிறது.

போலீசு போய்விட்டது. தீமிதி நாள் வந்தது. சித்தப்பா கரகத்துக்குப் பின்னால் குண்டத்தில் இறங்கினார். பாதி தூரம் ஓடினவர் அலறிக்கொண்டு வெளியே விழுந்தார். பாதம் ரெண்டும் கிழிந்து வெந்து போயிருந்தது. எங்கள் பக்கத்தில் குண்டத்தில் ஒருவருக்குச் சுட்டுவிட்டால் முதல் கேள்வி மருந்து எங்கே என்பது அல்ல. தீட்டு எங்கே என்பதுதான்.

பூசாரி கேட்டார், "இன்னாடா துன்ன?"

சித்தப்பா வாய் திறக்கவில்லை. அவர் தலையை மடியில் வைத்திருந்த பெரியம்மாதான் திறந்தாள்.

"எங்கியும் போவல, எதும் துன்னல. இவ குடுத்த கேக்கத்தான் துன்னான். முட்ட போட்டுச் செஞ்சி குடுத்துட்டா பாவி."

கூட்டம் முழுவதும் எங்கள் அம்மா பக்கம் திரும்பியது. அம்மாவுக்கு முதலில் புரியவே இல்லை. "இன்னாக்கா சொல்ற? முட்ட போடலியேக்கா," என்றாள், ஏதோ உப்பு போடவில்லையே என்கிற மாதிரி.

"முட்ட இல்லாம கேக்கு எப்டிடீ ஒப்பும்?"

இதுதான் கேள்வி. இதற்கு எங்கள் ஊரில் யாருக்கும் விடை தெரியாது. அம்மா தயிர் என்றாள், சோடா என்றாள், புளிப்பு என்றாள். சிரித்தார்கள். டீச்சரம்மாவைக் கேளுங்கள் என்றாள். டீச்சரம்மா மறியலுக்கு முன்னமே தன் ஊருக்குப் போனவர்கள், பஸ் இல்லாமல் அங்கேயே நின்றுவிட்டார்கள். இருந்திருந்தாலும், "வேதக்காரி சாட்சி அம்மன் கோயில்ல செல்லுமா?" என்று ஒருவர் கேட்டுவிட்டார். நான் கூட்டத்தில் நுழைந்து, "நான் பாத்தன், முட்ட போடல," என்று கத்தினேன். யாரோ என் முதுகில் ஒன்று வைத்தார்கள்.

நாட்டாமைக்கு ஒரு யோசனை வந்தது. திருவிழாவுக்குக் கள்ளக்குறிச்சியிலிருந்து ஒரு பேக்கரிக்காரர், பஸ் இல்லாவிட்டாலும் சைக்கிளில் வந்து கடை போட்டிருந்தார். ரோஸ் கலரில் கிரீம் வைத்த கேக்கு. அவரைக் கூப்பிட்டுக் கேட்டார்கள். அவர் துண்டில் கையைத் துடைத்துக்கொண்டு பெரிய மனுசன் மாதிரி சொன்னார்:

"முட்டை இல்லாம கேக்கு வராதுங்க. பதினஞ்சு வயசுலருந்து இதே தொழில்தானுங்க."

தீர்ப்பு முடிந்தது. அப்படியானால் இந்தத் திருவிழாவில் நீ விற்ற கேக்கில் என்ன இருந்தது என்று அவரை யாரும் கேட்கவில்லை. கேட்க வேண்டியவர்கள் எல்லாரும் அவரிடம் வாங்கித் தின்று வாயைத் துடைத்திருந்தார்கள்.

அம்மா சூடம் ஏற்றச் சொல்லி, எரிகிற சூடத்தை உள்ளங்கையால் அடித்து அணைத்துச் சத்தியம் பண்ணினாள். "மணலுல கேக்கு சுடறவளுக்கு சூடம் சுடுமா?" என்றாள் பெரியம்மா. அதற்கும் சிரித்தார்கள். இப்போதே இங்கேயே செய்து காட்டுகிறேன் என்றாள். கேக்குச் சட்டி கோயில் எல்லைக்குள் வரக்கூடாது என்றார்கள். அன்றைக்கே பெரியப்பா எங்கள் வீட்டுக்குள் வந்து, கடப்பாரையால் மண்சட்டியை உடைத்தார். தகர டப்பாவை ஒரே மிதி, தகடாகிவிட்டது. மணலைத் தெருவில் கொட்டினார்.

எங்கள் அப்பா இதையெல்லாம் பார்த்துக்கொண்டு தூணில் சாய்ந்து நின்றார். அப்பா எவ்வளவு பொறுமைசாலி என்று அன்று நினைத்தேன். அது பொறுமை இல்லை. அண்ணனுக்குப் பயம், ஊருக்குப் பயம். அதோடு, ஒருவேளை போட்டிருப்பாளோ என்று கொஞ்சம் சந்தேகமும். மூன்றாவதுதான் அம்மாவைக் கொன்றது. அந்தத் தகட்டை எங்கள் அம்மா எலி வராமல் கதவுக்கு அடியில் வைத்து ஆணி அடித்தாள். ஒவ்வொரு தடவை அப்பா கதவைத் திறக்கும்போதும் அது தரையில் கீச்சென்று கத்தும். அதற்காகத்தான் அங்கே அடித்தாள் என்று நான் நினைக்கிறேன்.

அவள் கை பட்டது இனிமேல் கோயிலுக்கு ஆகாது என்றுதான் ஊர் சொன்னது. ஆனால் ஊர்ச் சொல்லுக்குக் கால் உண்டு. கோயிலிலிருந்து நடந்து காது குத்துக்கு வந்தது, வளைகாப்புக்கு வந்தது, கல்யாணத்துக்கு வந்தது. எங்கே போனாலும், "நீ அப்டி குந்து, வெத்தல மடிச்சிக் குடு," என்பார்கள். அடுப்பாண்ட விடமாட்டார்கள். என் கல்யாணத்துக்குப் பெண்ணைப் பெற்றவள் அவள். சோத்துப் பானையில் முதல் அரிசி போடப் பெரியம்மாவைக் கூப்பிட்டார்கள். அம்மா வெற்றிலை மடித்துக்கொண்டிருந்தாள். நான் மணவறையிலிருந்து அதைப் பார்த்தேன்.

ஒதுக்கீடு வந்தது. சித்தப்பாவுக்குச் சர்க்கார் வேலையும் வந்தது. வெந்த காலை இழுத்து இழுத்து நடந்தே பென்சன் வரைக்கும் போனார். ஊரில் எல்லாருக்கும் ஒரு எடம் கிடைத்தது. எங்கள் அம்மாவுக்கு அடுப்பாண்ட இருந்த எடம் மட்டும் போய்விட்டது. கள்ளக்குறிச்சியிலிருந்து வரும்போதெல்லாம் சித்தப்பா ஒரு பை ஆரஞ்சு வாங்கி வந்து எங்கள் வாசலில் வைத்துவிட்டுப் பேசாமல் போவார். அண்ணி மேல் எவ்வளவு பாசம் என்று நான் பூரித்திருக்கிறேன். அம்மா அந்தப் பையை அப்படியே எடுத்துப்போய் மாட்டுத் தொட்டியில் கவிழ்ப்பாள். மாடு கூட முகத்தைச் சுளித்துக்கொண்டுதான் தின்னும்.

இன்னொன்று சொல்ல வேண்டும். தீமிதி முடிந்த வெள்ளிக்கிழமை அம்மா என்னைக் கூட்டிக்கொண்டு ஏரிக்கரை முனியப்பனிடம் போனாள். ஒரு காசைப் பலிக்கல்லில் வைத்துக் கொடுவாளால் ரெண்டாக வெட்டினாள். காசு வெட்டிப் போடுவது என்றால் உங்களுக்குத் தெரியும். திரும்ப ஒட்டாது. "பொய் சொன்ன நாக்கு ருசி கெட்டுப் போவணும். துன்றது எல்லாம் மண்ணாப் போவணும்," என்றாள். அழவில்லை. ஈரத் தலையோடு நின்று, கடைக்காரனிடம் உப்பு புளி கேட்கிற மாதிரி நிதானமாகக் கேட்டாள். பிறகு வருசா வருசம் நான் முனியப்பனைப் பார்த்தேன், பெரியம்மாவைப் பார்த்தேன். அவள் நன்றாகத்தான் தின்றாள். நன்றாகத்தான் இருந்தாள்.

அம்மா போய்ச் சேர்ந்துவிட்டாள். கடைசி ஜன்னியில் யாரையும் கூப்பிடவில்லை. மைதா, வெல்லம், வெண்ணெய், தயிர், சோடா என்று ஒவ்வொன்றாகச் சொல்லிக்கொண்டிருந்தாள். கோர்ட்டில் சாட்சி சொல்கிற மாதிரி. பக்கத்தில் இருந்தவர்களுக்குப் புரியவில்லை. எனக்குப் புரிந்தது.

அப்புறம் கொரோனா வந்தது. ஊருக்கே வாய் ருசி போனது, எனக்குத் தெரியும், டாக்டர்கள் காரணம் சொன்னார்கள். எல்லாருக்கும் ஒரு மாசத்தில் ரெண்டு மாசத்தில் திரும்பி வந்தது. பெரியம்மாவுக்கு வரவில்லை. பல் போன வயசு, சித்தப்பா செத்து, பெரியப்பா செத்து, மருமகள் கையில் சோறு. "எத துன்னாலும் மண்ணு மாரி கீது," என்று போகிறவர் வருகிறவரிடம் எல்லாம் அழுகிறாள் என்று கேள்விப்பட்டேன். அன்று வீட்டில் பூசை அறைக் கதவைச் சாத்திவிட்டு முனியப்பன் இருக்கிற திசையைப் பார்த்து விழுந்து கும்பிட்டேன். பாவமா? இருக்கட்டும். அந்தக் கணக்கை நான் அங்கே போய்ப் பார்த்துக்கொள்கிறேன்.

என் மகன் வீட்டில் கரண்டு அடுப்பு இருக்கிறது. அதைத் தொடவில்லை. மண்சட்டி வாங்கினேன், மணல் சலித்தேன், ஆரஞ்சில் புளிப்பாகப் பொறுக்கினேன். அம்மா செய்த மாதிரியே, அடுப்பு அதிராமல், ஈர்க்குச்சி குத்திப் பார்த்து. வெள்ளைத் துணியில் சுற்றி எடுத்துப்போய்ப் பெரியம்மா கட்டிலில் உட்கார்ந்தேன். ஒரு விள்ளல் ஊட்டினேன்.

"இன்னாடி இது? மண்ணா கீது."

"மண்ணுல வெந்ததுதான் பெரிம்மா."

அவள் மென்றது நின்றுபோனது. கண் என்னைப் பார்த்தது. ருசிதான் போயிருந்தது, ஞாபகம் போகவில்லை.

"இது ஆரஞ்சுத் தோலு பெரிம்மா, வெள்ளை படாம தேச்சது. இது கிராம்பு. தெரிதா? இது சுக்கு, தொண்டையில காரமா எறங்கும். ஒனக்கு எறங்குதா?"

வெள்ளிக்கிழமைதோறும் போனேன். ஒவ்வொரு விள்ளலாக ஊட்டி, ஒவ்வொரு ருசியாகச் சொன்னேன். பக்கத்து வீட்டுக்காரர்கள், "பெத்த பொண்ணு கூட இப்டி பாக்காது," என்றார்கள். அவர்களுக்கு என்ன தெரியும். ஒரு வெள்ளிக்கிழமை அவள் வாயைத் திறக்க மறுத்தாள். சுவரைப் பார்த்துத் திரும்பிப் படுத்துக்கொண்டு சொன்னாள்:

"கருவாட்டுக் கொயம்புடி."

"இன்னா?"

"தூக்குல மோரு இல்ல. கருவாட்டுக் கொயம்பு. அவுனுக்கு அதான் புடிக்கும். காலெல்லாம் ரெத்தமா, பசியில கெடந்தான். காப்பு கட்டனவன்னு தெரிஞ்சிதான் போட்டன். பசிக்கு பாவமில்லன்னு நெனச்சிட்டன். அம்மன் சுட்டுட்டா. கோயில்ல கேக்கறாங்க, அவன் என் மொவத்தப் பாக்கறான். நான் இன்னா பண்ணுவன்? வாயில வந்தது ஒங்கம்மா பேரு."

பூனை என் கண் முன்னால் வந்து நின்றது.

வாயில் வந்தது ஒங்கம்மா பேரு. ஒரு ஆயுசை இப்படித்தான் எடுத்துக்கொள்கிறார்கள், பாருங்கள்.

"சரி பெரிம்மா. இத கோயிலாண்ட வந்து சொல்லு. கார் வெச்சி கூட்டிக்கினு போறன். சொன்னா போதும்."

"எல்லாரும் செத்துட்டாங்க. இப்ப சொல்லி இன்னா ஆவப் போவுது? எம் மானம் போவும்."

"எங்கம்மாவுக்கு இருந்தது இன்னா, மசுரா?"

நான் போவதை நிறுத்தவில்லை. கேக்கோடு போவேன், "வர்றியா?" என்பேன். தலையை ஆட்டுவாள், மாட்டேன் என்று. அப்படியே ஆடி வருவதற்குள் செத்தும் போனாள்.

காரியம் முடிந்த மறுநாள் கவுச்சிப் படையல். செத்தவர்களுக்குப் பிடித்தது எல்லாம் இலையில் வைப்பார்கள். அவள் இலையில் கருவாட்டுக் குழம்பு வைத்திருந்தாள் மருமகள், ஒரு பாவமும் அறியாமல். நான் ரெண்டு செங்கல் கேக்கு செய்து எடுத்துப்போனேன். ஒன்றை அந்தக் குழம்புக்குப் பக்கத்தில் வைத்தேன். சூடம் காட்டி முடிந்ததும் இன்னொன்றை வெட்டி எல்லார் கையிலும் கொடுத்தேன். அந்த நாட்டாமையின் மகன், அன்றைய பூசாரியின் தம்பி, என் கல்யாணத்தில் அம்மாவை வெற்றிலைத் தட்டுப் பக்கம் தள்ளிவிட்ட ரெண்டு கிழவிகள், எல்லாரும் தின்றார்கள்.

"எவ்ளோ முட்டம்மா போட்ட? பஞ்சு மாரி கீது," என்றார் நாட்டாமை மகன்.

அந்தக் கேள்விக்குத்தான் நான் பல வருசமாகக் காத்திருந்தேன்.

"ஒண்ணு கூட இல்ல. தயிரும் சோடாவும்," என்றேன். "எங்கம்மா ஒங்கப்பாவாண்ட சொன்னாளே, அதே தயிரு, அதே சோடா."

அப்புறம் நின்ற இடத்திலேயே எல்லாவற்றையும் சொன்னேன். கரும்புக்கட்டை, மோட்டார் கொட்டாய், தூக்கு, பூனை. இலையில் இருந்த குழம்பைக் கை காட்டிச் சொன்னேன். தின்ற வாயெல்லாம் பாதியில் நின்றது. மருமகள் அழுதாள். "படத்துக்கு மாலை கூட வாடல, செத்தவங்கள இப்டியா பேசறது?" என்று ஒரு கிழவி கேட்டாள். "உசுரோட இருந்தவள நீங்க பேசினீங்களே ஆயா, நான் செத்தவளத்தான் பேசறன்," என்றேன். கையைக் கழுவிக்கொண்டு வந்துவிட்டேன். திரும்பிப் பார்க்கவில்லை. மனசு லேசாகிவிட்டதா என்று கேட்டால், இல்லை. நிறைந்திருந்தது. நல்ல பசிக்குத் தின்ற மாதிரி.

ஊர் இப்போது இந்தக் கதையைச் சொல்கிறது. முதலில் சொன்னேனே, கல்யாண வீட்டில் கேட்டது. அவள் எல்லாம் சரியாகச் சொல்லி வந்தாள். கருவாடு சரி, பூனை சரி. கடைசியில் பக்கத்தில் இருந்தவள், "ஆனா முட்ட இல்லாம எப்டி?" என்று கேட்டாள். இவள் கொஞ்சம் யோசித்துவிட்டு, "ஒரே ஒரு முட்ட போட்டிருப்பா போல," என்றாள்.

அதனால்தான் எழுதினேன்.

இதைப் படிக்கிற என் வயசுக்காரர்களே, உங்கள் பிள்ளைகளுக்கும் மருமகள்களுக்கும் இதைச் சொல்லுங்கள். அம்மன் மேல் ஆணை, நான் எழுதினபடியே சொல்லுங்கள். பெரியம்மா மேல் இரக்கம் வந்து எதையும் குறைக்க வேண்டாம். எங்கள் அம்மா மேல் இரக்கம் வந்து எதையும் கூட்டவும் வேண்டாம். கேக்கு செய்து பார்க்கிறவர்கள் செய்து பாருங்கள். ஒரு முட்டை போட்டால் இன்னும் மெத்தென்று வரும் என்று பக்கத்தில் யாராவது சொல்லுவார்கள், கட்டாயம் சொல்லுவார்கள்.

போடாதீர்கள்.